உடம்போடு சண்டையை நிறுத்தினால் சர்க்கரை வந்துவிடுமா?

நீங்கள் விரிவாக எழுதியிருந்ததை மற்றவர்களுக்காகச் சுருக்கிவிடுகிறேன். வயது 37, உயரம் 157 செ.மீ., எடை 76 கிலோ. இரண்டாவது குழந்தை வயிற்றில் இருந்தபோது சர்க்கரை இருந்தது, பிரசவத்துக்குப் பிறகு சரியாகிவிட்டது. போன மாதம் பார்த்ததில் மூன்று மாதச் சராசரி சர்க்கரை (HbA1c) 6.0 சதவீதம். பேலியோ, பவுடர், ஜூஸ் விரதம், ஜிம் என்று பலமுறை எடையைக் குறைத்திருக்கிறீர்கள்; ஒவ்வொரு முறையும் போனதைவிடக் கொஞ்சம் கூடுதலாகவே திரும்பி வந்திருக்கிறது. மருத்துவர் பத்து கிலோ குறைத்துவிட்டு வரச் சொல்கிறார். இருக்கிற உடம்பை அப்படியே ஏற்றுக்கொள் என்று தோழி சொல்கிறார். இரண்டில் எது சரி என்று கேட்டிருக்கிறீர்கள். முழுவதும் படித்தால் உள்ளே இருக்கிற கேள்வி வேறு என்று தோன்றுகிறது: தினமும் கண்ணாடி முன்னால் நின்று என்னை நானே திட்டிக்கொள்வதை நிறுத்திவிட்டால், சோம்பேறியாகி, கடைசியில் அம்மாவைப் போல இன்சுலின் போடும் நிலைக்கு வந்துவிடுவேனோ? அந்தப் பயத்துக்குத்தான் இங்கே பதில் எழுதுகிறேன்.

நான் உணவியல் நிபுணர், மருத்துவர் இல்லை. சர்க்கரை நோய் பார்க்கும் கிளினிக்கில் பல வருடங்களாக வேலை. கைப்பையிலிருந்து நாலைந்து பழைய டயட் சார்ட்டுகளை எடுத்து மேசையில் பரப்பிவிட்டு, "இதெல்லாம் செஞ்சு பாத்துட்டேன் மேடம்" என்று ஆரம்பிக்கிற பெண்களைத்தான் அதிகம் பார்க்கிறேன். உங்களுக்கு மாத்திரை வேண்டுமா வேண்டாமா என்பதை இங்கிருந்து சொல்ல எனக்குத் தகுதியும் இல்லை, வழியும் இல்லை. மற்றதற்கு என் பதில் இதுதான்: திட்டுவதை நிறுத்துவதால் சர்க்கரை வந்துவிடாது. பரிசோதனையை நிறுத்தினால், நடப்பதை நிறுத்தினால், தூக்கத்தைக் கெடுத்துக்கொண்டால் வர வாய்ப்பு கூடும். இந்த இரண்டு வகையையும் நாம் ஒன்றாகக் கட்டி வைத்திருக்கிறோம். அவிழ்த்துத் தனித்தனியாகப் பார்க்கலாம்.

முதலில் கசப்பான பகுதி. எடைக்கும் சர்க்கரைக்கும் தொடர்பே இல்லை என்று சமூக ஊடகங்களில் சிலர் பேசுவது தவறு. குறிப்பாக நம் ஊர் உடம்புக்கு. 2004-ல் லான்செட் மருத்துவ இதழில் இரண்டு மருத்துவர்கள் தங்கள் படத்தையே போட்டு ஒரு சின்னக் கட்டுரை எழுதினார்கள். ஒருவர் புனேயைச் சேர்ந்த யாக்னிக், இன்னொருவர் லண்டனைச் சேர்ந்த யூட்கின். இருவருக்கும் பிஎம்ஐ (எடையை உயரத்தோடு ஒப்பிடும் எண்) ஒன்றேதான், 22.3. ஆனால் உடம்பில் இருக்கும் கொழுப்பு யூட்கினுக்கு 9.1 சதவீதம், யாக்னிக்குக்கு 21.2 சதவீதம். அதே எடையிலும் தெற்காசியர்களுக்குக் கொழுப்பு அதிகம், தசை குறைவு. அதிலும் வயிற்றைச் சுற்றிச் சேர்வது அதிகம். அதனால்தான் இந்தியர்களுக்குப் பிஎம்ஐ 23-லிருந்தே கூடுதல் எடை என்று கணக்கிடுகிறார்கள். இடுப்புச் சுற்றளவுக்குப் பெண்களுக்கு 80 செ.மீ., ஆண்களுக்கு 90 செ.மீ. என்று எல்லை வைத்திருக்கிறார்கள். உங்கள் பிஎம்ஐ கிட்டத்தட்ட 31. போதாததற்குக் கர்ப்பகால சர்க்கரை வந்த பெண்களுக்குப் பிற்காலத்தில் சர்க்கரை நோய் வரும் வாய்ப்பு மற்றவர்களைவிடப் பல மடங்கு அதிகம். மூன்று மாதச் சராசரி 5.7 முதல் 6.4 வரை எல்லைக்கோட்டு நிலை, 6.5 ஆனால் சர்க்கரை நோய். நீங்கள் நடுவில் நிற்கிறீர்கள். இதில் சந்தேகத்துக்கு இடமில்லை, உங்கள் மருத்துவர் கவலைப்படுவது நியாயம்தான்.

அதே நேரம் பிஎம்ஐ என்ற கணக்குக்கு அளவுக்கு மீறிய மரியாதை கொடுக்க வேண்டியதில்லை. 19-ஆம் நூற்றாண்டில் பெல்ஜியத்தைச் சேர்ந்த க்வெட்லே என்ற கணிதவியலாளர் மக்கள்தொகையின் சராசரி மனிதனை விவரிக்கப் போட்ட கணக்கு அது. 1972-ல்தான் ஆன்சல் கீஸ் என்ற அமெரிக்க விஞ்ஞானி அதற்கு இன்றைய பெயரை வைத்தார். ஆயிரக்கணக்கானவர்களை மொத்தமாக ஆராய உதவும். ஒரு தனி மனுஷியின் ஈரலில் எவ்வளவு கொழுப்பு, தொடையில் எவ்வளவு தசை என்று அதற்குத் தெரியாது. 1998-ல் அமெரிக்கா கூடுதல் எடைக்கான எல்லையை ஏறத்தாழ 27-லிருந்து 25-க்கு இறக்கியபோது, ஒரு கிராம்கூட எடை கூடாமலே கோடிக்கணக்கான பேர் ஒரே நாளில் கூடுதல் எடைக்காரர்கள் ஆனார்கள். அந்த எண் எச்சரிக்கை மணியாக இருக்கலாம், தீர்ப்பாக வேண்டாம்.

அடுத்தது, திரும்பத் திரும்ப எடை ஏறியதற்கு உங்கள் மன உறுதியைக் குற்றம் சொல்லியிருந்தீர்கள். இங்கே கொஞ்சம் நின்று பேச வேண்டும். இரண்டாம் உலகப் போரின் கடைசியில் மினசோட்டா பல்கலைக்கழகத்தில் அதே ஆன்சல் கீஸ் ஒரு பரிசோதனை நடத்தினார். போருக்குப் போக மறுத்த, நல்ல ஆரோக்கியமான 36 இளைஞர்கள் தாமாக முன்வந்தார்கள். 24 வாரம் அவர்களுக்கு ஒரு நாளைக்குச் சுமார் 1,600 கலோரி உணவு. அதற்குள் அவர்கள் எப்போதும் சாப்பாட்டைப் பற்றியே யோசித்தார்கள், பேசினார்கள். சமையல் குறிப்புப் புத்தகங்களை உட்கார்ந்து படித்தார்கள். தட்டை நக்கினார்கள். எரிச்சல், சோர்வு, எதிலும் ஆர்வமின்மை. உணவு திரும்பக் கிடைத்ததும் பலருக்கு எவ்வளவு சாப்பிட்டாலும் அடங்காத பசி. கொழுப்பு முன்பு இருந்த அளவைத் தாண்டி ஏறியது. கொள்கைக்காகச் சிறைக்குப் போகவும் தயாராக இருந்த ஆட்கள் அவர்கள், மன உறுதிக்குக் குறைவே இல்லை. இன்று வாட்ஸ்அப்பில் சுற்றும் டயட் சார்ட்டுகள் பெண்களுக்கு 1,200, சிலது 800 கலோரி கொடுக்கின்றன என்பதையும் கவனியுங்கள்.

இதற்குப் பின்னால் இருப்பது ஹார்மோன். 2011-ல் மெல்போர்னில் 50 பேரைக் கடுமையான உணவுக் கட்டுப்பாட்டில் வைத்துப் பத்து வாரத்தில் சராசரியாக 13 கிலோவுக்கு மேல் குறைத்தார்கள். ஒரு வருடம் கழித்துப் பார்த்தபோதும் பசியைத் தூண்டும் ஹார்மோன் கூடுதலாகவே இருந்தது, போதும் என்று சொல்லும் ஹார்மோன்கள் குறைந்தே இருந்தன. அமெரிக்கத் தொலைக்காட்சி எடைக் குறைப்புப் போட்டி ஒன்றில் கலந்துகொண்ட 14 பேரை ஆறு வருடம் கழித்துச் சோதித்ததில், சும்மா இருக்கும்போது உடம்பு எரிக்கும் கலோரி எதிர்பார்த்ததைவிட நாளொன்றுக்குச் சுமார் 500 குறைவாக இருந்தது. ஆக, கடுமையாகப் பட்டினி போட்டால் உடம்பு அதைப் பஞ்சம் என்றே எடுத்துக்கொள்கிறது. அது உங்கள் உயிரைக் காப்பாற்றப் பார்க்கிறது. நீங்கள் அதற்குப் பெயர் "எனக்கு ஒழுக்கம் இல்லை" என்று வைத்திருக்கிறீர்கள்.

சரி, எடை குறையாமல் சர்க்கரையைத் தள்ளிப்போட முடியுமா? உங்கள் கேள்விக்கு மிக நெருக்கமான விடை சென்னையிலிருந்தே கிடைத்திருக்கிறது. மருத்துவர் ராமச்சந்திரனின் குழு 2006-ல் வெளியிட்ட ஆய்வு அது. எல்லைக்கோட்டு நிலையில் இருந்த 531 பேர். ஒரு பகுதியினருக்கு வழக்கமான ஆலோசனை மட்டும். இன்னொரு பகுதியினருக்கு வாழ்க்கைமுறை மாற்றம்: தினமும் அரை மணி நேரம் வேகநடை, சீனியையும் மைதா வகைகளையும் எண்ணெயையும் குறைப்பது, நார்ச்சத்தைக் கூட்டுவது. மூன்று வருட முடிவில் வழக்கமான ஆலோசனை பெற்றவர்களில் 55 சதவீதம் பேருக்குச் சர்க்கரை நோய் வந்திருந்தது. மாற்றிக்கொண்டவர்களில் 39 சதவீதம். அந்த இரண்டாவது குழுவின் சராசரி எடை குறிப்பிடும்படி குறையவே இல்லை! எடை இயந்திரத்தை மட்டும் நம்பியிருந்தால் அவர்கள் எல்லாரும் "ஒண்ணும் பிரயோஜனமில்லை" என்று மூன்றாவது மாதமே விட்டிருப்பார்கள்.

இதை வைத்து எடை குறைவதால் பலனே இல்லை என்று முடிவுகட்டவும் முடியாது. 2002-ல் வந்த அமெரிக்க ஆய்வில் வாழ்க்கைமுறை மாற்றக் குழுவுக்குச் சர்க்கரை வரும் வாய்ப்பு 58 சதவீதம் குறைந்தது. குறைந்த ஒவ்வொரு கிலோவுக்கும் ஆபத்து சுமார் 16 சதவீதம் இறங்கியதாகப் பிறகு கணக்கிட்டார்கள். அதே ஆய்வில் எடை இலக்கை எட்டாமல், நடை இலக்கை மட்டும் எட்டியவர்களுக்கும் வாய்ப்பு 44 சதவீதம் குறைந்தது. அவர்களுக்கு வைத்த எடை இலக்கு ஏழு சதவீதம்தான். உங்கள் எடைக்கு அது ஐந்து கிலோ சொச்சம். பத்து என்பது சொல்லச் சுலபமான முழு எண், அவ்வளவுதான். என் கருத்து: எடை குறைந்தால் நல்லது, வரவு வைத்துக்கொள்ளுங்கள், அதை வேலையின் இலக்காக வைக்காதீர்கள். நீங்கள் கட்டுப்படுத்த முடிவது நடையையும் தட்டையும் தூங்கும் நேரத்தையும். எடை அவற்றின் விளைவுகளில் ஒன்று, அதுவும் எல்லாருக்கும் ஒரே மாதிரி வராத விளைவு.

ஏற்றுக்கொள்வதற்கே நேரடியாகப் பலன் உண்டா என்றால், இங்கே சான்றுகள் அவ்வளவு திடமாக இல்லை. எடையைப் பேசாமல், உடலை மதித்து, பசியைக் கவனித்துச் சாப்பிடப் பயிற்சி கொடுக்கும் முறைகளைச் சோதித்த ஆய்வுகளில் மனநிலையும் சாப்பாட்டுப் பழக்கமும் மேம்பட்டது தெரிகிறது. கட்டுப்பாடின்றி அள்ளிச் சாப்பிடுவது குறைகிறது. ரத்த சர்க்கரையும் கொழுப்பும் இறங்குவது சில ஆய்வுகளில் தெரிகிறது, சிலவற்றில் இல்லை. அதனால் "உன்னை நேசி, சர்க்கரை தானாகக் குறையும்" என்று யாராவது வகுப்பு எடுத்தால் பணம் கட்டாதீர்கள். மறுபக்கத்தில், எடையைச் சொல்லிக் கேலி செய்யப்பட்டவர்கள் கூடுதலாகச் சாப்பிடுவதும், உடற்பயிற்சிக்குத் தயங்குவதும், மருத்துவரிடம் போவதைத் தள்ளிப்போடுவதும் பல ஆய்வுகளில் திரும்பத் திரும்ப வந்திருக்கிறது. கேலிதான் முழுக் காரணம் என்று நிரூபிப்பது கடினம். ஆனால் என் மேசைக்கு எதிரே இதைப் பார்க்காத வாரம் கிடையாது. "அஞ்சு கிலோ குறைச்சிட்டு வரலாம்னு இருந்தேன்" என்று சொல்லி இரண்டு வருடம் பரிசோதனைக்கே வராமல் இருந்துவிட்டு, 6.1-ல் இருந்தவர்கள் 9-ல் வந்து நிற்கிறார்கள். வெட்கம் வாங்கித் தருவது இதைத்தான்.

இனி தினசரி விஷயம். சோற்றை விடச் சொல்ல மாட்டேன், விட்டவர்கள் திரும்பி வந்து இரட்டிப்பாகச் சாப்பிடுவதைப் பார்த்தாயிற்று. நம் வீட்டில் பொரியலும் கூட்டும் தொட்டுக்கொள்ள மட்டும் என்று ஆகிவிட்டது. அதைச் சோற்றைவிட அதிகமாக்குங்கள். தட்டில் பாதி காய், கால்வாசி சோறு, கால்வாசி பருப்பு, முட்டை, மீன், சுண்டல் என்று ஏதாவது. காயையும் பருப்பையும் முதலில் சாப்பிட்டுவிட்டுச் சோற்றுக்குப் போனால் சாப்பாட்டுக்குப் பின் சர்க்கரை ஏறுவது மட்டுப்படுகிறது என்று சில சிறிய ஆய்வுகள் சொல்கின்றன. செலவில்லாதது, செய்து பார்க்கலாம். சிறுதானியம் நல்லதுதான். ஆனால் கேழ்வரகை நைசாக அரைத்துக் கஞ்சியாகக் குடித்தால் சர்க்கரை வேகமாகத்தான் ஏறும், "சிறுதானியம்தானே" என்று இரண்டு டம்ளர் குடிக்க வேண்டாம்.

அப்புறம், நீங்கள் என்ன சாப்பிடுகிறீர்கள் என்று எழுதியிருந்தீர்கள், எப்படி என்று எழுதவில்லை. என் ஊகத்தைச் சொல்கிறேன், தவறென்றால் விட்டுவிடுங்கள். காலையில் எல்லாரையும் அனுப்பிவிட்டு, பிள்ளை மிச்சம் வைத்த அரைத் தோசையோடு நின்றுகொண்டே ஒரு இட்லி. மதியம் டயட் என்று கொஞ்சமாக. சாயந்திரம் ஆறு மணிக்கு முறுக்கு டப்பா திறந்தால் மூட முடியாது. ராத்திரி எல்லாருக்கும் பரிமாறியபின், வீணாகிவிடுமே என்று மீதிச் சோறு முழுவதும் உங்கள் தட்டில். பெரும்பாலான வீடுகளில் பெண்கள் சாப்பிடுவது இப்படித்தான். இதற்குக் கட்டுப்பாடு மருந்து ஆகாது, காலையில் உட்கார்ந்து வயிறு நிறையச் சாப்பிடுவதுதான். மூன்று இட்லி, நிறைய சாம்பார், ஒரு முட்டை. மாலை ஐந்துக்கே ஒரு கிண்ணம் சுண்டலோ வேகவைத்த கடலையோ. ஆறு மணி முறுக்கு தானாகக் குறையும். மீதிச் சோறு ஃப்ரிட்ஜுக்குப் போகட்டும்.

நடை. பத்தாயிரம் அடி நடக்க முடியவில்லை என்று குற்ற உணர்ச்சியோடு எழுதியிருந்தீர்கள். அந்த எண் 1965-ல் ஜப்பானில் அடி எண்ணும் கருவி விற்கச் செய்த விளம்பரத்திலிருந்து வந்தது, எந்த ஆராய்ச்சியிலிருந்தும் வரவில்லை. 2019-ல் சுமார் 17,000 அமெரிக்க மூதாட்டிகளைக் கவனித்த ஆய்வில், ஒரு நாளைக்கு 2,700 அடி நடந்தவர்களைவிட 4,400 அடி நடந்தவர்களுக்கு இறப்பு வாய்ப்பு தெளிவாகக் குறைந்தது. 7,500-க்கு மேல் கூடுதல் பலன் தெரியவில்லை. அவர்களின் சராசரி வயது எழுபதுக்கு மேல், நீங்கள் இளையவர், எண்ணை அப்படியே எடுக்க முடியாது. ஆனால் கொஞ்சமும் கணக்கில் சேரும் என்பது உறுதி. முன்பெல்லாம் பத்து நிமிடமாவது தொடர்ந்து செய்தால்தான் கணக்கு என்றார்கள். உலக சுகாதார நிறுவனம் 2020 வழிகாட்டியில் அதை எடுத்துவிட்டது. வாரத்துக்கு 150 நிமிடம், எப்படிப் பிரித்தாலும் சரி. உங்களைப் போன்றவர்களுக்கு நான் முதலில் சொல்வது சாப்பிட்டபின் பத்துப் பதினைந்து நிமிடம் நடப்பது. மொட்டை மாடியிலோ தெருவிலோ, பேசிக்கொண்டே. சாப்பாட்டுக்குப் பின் ஏறும் சர்க்கரையைத் தசை அப்போதே இழுத்துக்கொள்கிறது. எடை இறங்குகிறதா இல்லையா என்பதற்காக அந்தப் பலன் காத்திருப்பதில்லை.

தசை என்றதும் ஜிம் வேண்டாம் என்று ஓடாதீர்கள். நாற்காலியில் உட்கார்ந்து கையை ஊன்றாமல் எழுவது, சுவரைத் தள்ளுவது, இரண்டு லிட்டர் தண்ணீர் பாட்டிலைத் தூக்கி இறக்குவது. வாரத்தில் இரண்டு நாள். நம்மவர்களுக்குத் தசை குறைவு என்று மேலே சொன்னேனே, அதைச் சரிசெய்ய இதைத் தவிர வேறு வழி இல்லை. தொடை உரசிப் புண்ணாவதால் நடக்கவே பிடிக்கவில்லை என்று எழுதியிருந்தீர்கள். இதை வெளியே சொன்னதற்கே உங்களைப் பாராட்ட வேண்டும், பலர் இந்த ஒரு காரணத்துக்காக நடையை விட்டுவிட்டு வேறு சாக்கு சொல்கிறார்கள். முழங்காலுக்கு மேல் வரை இருக்கும் பருத்தி ஷார்ட்ஸை உள்ளே போட்டுக்கொள்ளுங்கள், உரசும் இடத்தில் கொஞ்சம் வாஸ்லின். நன்றாகத் தாங்கும் உள்ளாடையும் குஷன் உள்ள செருப்பும் வாங்குங்கள். இப்போதிருக்கிற உடம்புக்கு வாங்குங்கள், இளைத்தபிறகு வாங்கலாம் என்று தள்ளாதீர்கள்.

பீரோவில் இருக்கும் பழைய ரவிக்கைகளுக்கும் இது பொருந்தும். உள்தையல் இருந்தால் டெய்லரிடம் பிரித்துத் தைக்கக் கொடுங்கள், இல்லையென்றால் தங்கைக்கோ சித்தி மகளுக்கோ கொடுத்துவிடுங்கள். காலையில் இறுக்கிப் பிடிக்கிற துணியை மாட்டி, மூச்சைப் பிடித்துக்கொண்டு வேலைக்குக் கிளம்புகிறவர்கள் அன்றைக்கு முழுவதும் அந்த எரிச்சலைச் சுமந்து திரிகிறார்கள். எடை இயந்திரத்தையும் தினமும் ஏறிப் பார்க்க வேண்டாம். மாதவிடாய், உப்பு, மலச்சிக்கல் என்று எதற்கெடுத்தாலும் ஒன்றிரண்டு கிலோ ஆடும். மாதம் ஒருமுறை போதும், அதுவும் மனதைக் கெடுக்கிறது என்றால் கிளினிக்கில் மட்டும். வீட்டுக்கு ஒரு டேப் வைத்துக்கொண்டு மூன்று மாதத்துக்கு ஒருமுறை இடுப்பை அளந்தால் எனக்கு அதுவே கூடுதல் தகவல். ரத்த அழுத்தம் பார்க்கும்போது ஒரு விஷயம் கேளுங்கள்: கையில் சுற்றும் பட்டை உங்கள் கைக்குப் போதுமான அளவா? மேல்கைச் சுற்றளவு 32 செ.மீ.க்கு மேல் இருந்தால் பெரிய பட்டை வேண்டும். சின்னதைச் சுற்றினால் அளவு பொய்யாகக் கூடுதலாகக் காட்டும்.

தூக்கம் பற்றி நீங்கள் ஒரே வரி எழுதியிருந்தீர்கள், எனக்கு அதுதான் உறுத்தியது: ராத்திரி குறட்டை, பகலில் எங்கே உட்கார்ந்தாலும் கண் சொக்குகிறது. தூக்கத்தில் மூச்சு நின்று நின்று வரும் பிரச்சினையாக இருக்கலாம். அது சர்க்கரையையும் ரத்த அழுத்தத்தையும் ஏற்றும், பகல் முழுவதும் பசியையும் கூட்டும். இதை மருத்துவரிடம் தனியாகக் குறிப்பிட்டுச் சொல்லுங்கள். எடை குறைந்தால் சரியாகும் என்று சொல்லி அனுப்பினால், இப்போதே பரிசோதிக்க முடியுமா என்று கேளுங்கள். தைராய்டும் இதுவரை பார்க்கவில்லை என்றால் ஒருமுறை பார்த்துவிடலாம்.

இனி சொந்தக்காரர்கள். கல்யாண மண்டபத்தில் நாத்தனாரும் பெரியம்மாவும் "என்னம்மா இப்படி உடம்பு போட்டுட்டே" என்று ஆரம்பிப்பதற்காகவே விசேஷங்களுக்குப் போவதை நிறுத்திவிட்டதாக எழுதியிருக்கிறீர்கள். அவர்களைத் திருத்துவது நம் வேலை இல்லை, நடக்கப்போவதும் இல்லை. "நல்லாத்தான் இருக்கேன் பெரியம்மா, நீங்க சாப்ட்டாச்சா?" என்று கேட்டுவிட்டு நகர்ந்துவிடலாம். விளக்கம் கொடுக்க ஆரம்பித்தால்தான் கொள்ளு ரசத்திலிருந்து பேரியாட்ரிக் சர்ஜரி வரைக்கும் ஆலோசனை வரும். மாமியாரோ கணவரோ வீட்டுக்குள்ளேயே தினமும் சொல்கிறார்கள் என்றால் அது வேறு. அதற்கு ஒருநாள் நேரம் ஒதுக்கி, "இதைச் சொல்றதால எனக்கு உதவி ஒண்ணும் ஆகல, கூட நடக்க வந்தா உதவியா இருக்கும்" என்று நேராகச் சொல்லிப் பாருங்கள். சிலர் வருவார்கள். வராதவர்கள் பேச்சையாவது குறைப்பதுண்டு.

உங்கள் ஒன்பது வயது மகள் வயிற்றை உள்ளிழுத்துக் கண்ணாடி பார்க்கிறாள் என்று போகிற போக்கில் எழுதியிருந்தீர்கள். வீட்டில் எடையைப் பற்றிய கேலியும் பேச்சும் அதிகமாகக் கேட்டு வளரும் பிள்ளைகளுக்குப் பின்னாளில் தாறுமாறான உணவுப் பழக்கம் வரும் வாய்ப்பு கூடுதல் என்று நீண்டகால ஆய்வுகள் சொல்கின்றன. அவளுக்குப் பாடம் எடுக்க வேண்டியதில்லை. அவள் காதில் விழும்படி உங்கள் உடம்பை நீங்கள் திட்டாமல் இருந்தால் போதும், அவள் கன்னத்தைக் கிள்ளி "குண்டம்மா" என்கிற சித்தப்பாவையும் நிறுத்தச் சொல்லுங்கள். இந்த இடத்தில் மட்டும் நீங்கள் சண்டை போடலாம்.

எடை குறைக்கும் ஊசி பற்றியும் கேட்டிருந்தீர்கள். செமாகுளூடைட், டிர்செபடைட் இரண்டும் இந்தியாவில் கிடைக்கின்றன, எடையையும் சர்க்கரையையும் நன்றாகவே குறைக்கின்றன. உடம்பை ஏற்றுக்கொள்கிறவர் மருந்து எடுக்கக் கூடாது என்று ஒன்றும் இல்லை. ஆனால் செமாகுளூடைட்டை நிறுத்திய ஒரு வருடத்தில், குறைந்ததில் மூன்றில் இரண்டு பங்கு திரும்ப வந்ததாக ஆய்வு காட்டுகிறது. எடையோடு தசையும் குறைகிறது. விலையும் பக்கவிளைவும் சேர்த்து, எத்தனை வருடத்துக்கு என்பதை முன்கூட்டியே மருத்துவரிடம் பேசிவிட்டு முடிவெடுங்கள். ஆன்லைனில் வாங்கிய அந்த மூலிகைப் பவுடரை மட்டும் இன்றைக்கே நிறுத்துங்கள். இந்த வகைப் பவுடர்கள் பலவற்றில் நிலாவரை போன்ற பேதிச் சரக்கு இருக்கும். போவது தண்ணீர்தான், கொழுப்பு இல்லை. மூலிகை என்ற பெயரில் விற்றவற்றில், இதயத்துக்கு ஆபத்து என்று 2010-ல் அமெரிக்காவிலும் அடுத்த வருடம் இந்தியாவிலும் தடுக்கப்பட்ட சிபுட்ராமின் கலந்திருந்ததையும் வெளிநாட்டு அரசு சோதனைகள் பலமுறை கண்டுபிடித்திருக்கின்றன.

சில விஷயங்கள் என் எல்லைக்கு வெளியே. யாருக்கும் தெரியாமல் நிறையச் சாப்பிட்டுவிட்டு வாந்தி எடுப்பது, பேதி மாத்திரை போடுவது, சாப்பாட்டு நினைப்பே நாளை விழுங்குவது, உடம்பைப் பார்க்கவே பிடிக்காமல் வாழப் பிடிக்கவில்லை என்று தோன்றுவது, இவற்றில் எது இருந்தாலும் மனநல மருத்துவரைத்தான் முதலில் பார்க்க வேண்டும். அந்த நிலையில் டயட் சார்ட் கொடுப்பது தீங்கு செய்யும். முயற்சி எதுவும் இல்லாமலே எடை வேகமாகக் குறைந்தாலும் சந்தோஷப்படாமல் உடனே காட்டுங்கள்.

அடுத்த முறை மருத்துவரிடம் போகும்போது எடையைப் பற்றி அவர் ஆரம்பிக்கும் முன் நீங்கள் இதைச் சொல்லலாம்: "டாக்டர், பல தடவை குறைச்சு திரும்ப ஏறிடுச்சு. இந்தத் தடவை நடை, சாப்பாடு, தூக்கம் மூணையும் ஆறு மாசம் ஒழுங்கா செய்றேன். எடையோட சேத்து சர்க்கரை, பிபி, கொழுப்பு, ஈரல் எல்லாத்தையும் வச்சு என்னைப் பாருங்க." பெரும்பாலான மருத்துவர்கள் இதற்கு ஒத்துக்கொள்வார்கள், அவர்களுக்கும் வேலை எளிது. மூன்று மாதச் சராசரியை இடையில் ஒருமுறை, ஆறாவது மாதம் ஒருமுறை பாருங்கள். 6.0 அப்படியே நின்றாலே உங்கள் குடும்ப வரலாற்றுக்கு அது நல்ல முடிவு. மேலே போனால் மெட்ஃபார்மின் பற்றி அவர் பேசக்கூடும். அதே சென்னை ஆய்வில் அந்த மாத்திரையும் வாழ்க்கைமுறை மாற்றத்துக்குக் கிட்டத்தட்டச் சமமான பலனைத் தந்தது. ரிசல்ட் வந்ததும் இங்கேயே பதிலில் போடுங்கள், தட்டில் எதை மாற்றலாம் என்று சேர்ந்து பார்க்கலாம்.